மனு அக்கா கேட்ட பதில்

ஜெயித்த வழக்கில், தோற்றவரைவிட அதிகமாகச் சண்டை போட்டவர் இந்தப் பூமியில் மனு அக்கா ஒருவர்தான். அவருடைய வக்கீல் என்ற முறையில் சத்தியம் செய்து சொல்வேன்.

மலைமேல் மாரமங்கலத்தில் அக்காவுக்குக் கொஞ்சம் மிளகுக்கொடி, கொஞ்சம் காப்பிச் செடி. தோட்டத்துக்குப் போகும் ஒற்றையடிப் பாதையை, பக்கத்து இடத்தை வாங்கிய ரிசார்ட்காரர் கம்பிவேலி போட்டு அடைத்துவிட்டார். பாதையைத் திறக்கச் சொல்லிச் சேலத்தில் வழக்குப் போட்டோம். வழக்கு ஒன்றுதான். அதற்குள் அக்கா போடச் சொன்ன இடைமனுக்களை அடுக்கினால் மலையுச்சியிலுள்ள சேர்வராயன் கோயில் வரைக்கும் படி கட்டலாம்; அதனால்தான் கோர்ட்டில் அவருக்கு 'மனு அக்கா' என்று பெயர். வேலியை மேலும் நீட்டக்கூடாது என்று ஒரு மனு. ரிசார்ட் ஜெனரேட்டர் உறுமலுக்குப் பயந்து குரங்கெல்லாம் தன் தோட்டத்துக்கு வருகிறது என்று இன்னொன்று.

"அக்கா, கொரங்குக்கும் பாதைக்கும் சம்பந்தமில்லீங்க" என்றேன்.

"எனக்குத்தானுங்க வேலி. கொரங்கு அதே பாதையிலதான் வருது."

இடத்தைப் பார்த்துவர கோர்ட் ஓர் இளம் வக்கீலைக் கமிஷனராக அனுப்பியது. அன்றைக்குப் பார்த்து மழை. அவர் குடையோடு காரைவிட்டு இறங்கி, எட்டிப் பார்த்துவிட்டு, 'ஆள் நடமாட்டம் இல்லாத புதர்' என்று அறிக்கை எழுதிவிட்டார்.

"கண்ணாலமாயி வந்த நாள்ல இருந்து நடக்கறேன். அப்ப நான் ஆளில்லீங்களா தம்பி?" என்று என்னிடம் கேட்டார் அக்கா. அந்தக் குரலில் கோபத்தைவிட வேறொன்று அதிகமாக இருந்தது. கமிஷனர் மறுபடி வந்து பார்க்க வேண்டும் என்று உடனே ஒரு மனு போட்டோம்.

அது விசாரணைக்கு வருவதற்குள் தீர்ப்பே வந்துவிட்டது. பழைய பத்திரமும் ஊர்க்காரர் சாட்சியும் கைகொடுத்தன. பாதை அக்காவுக்கு, வேலியை எடுக்க வேண்டும். கடைசியாக நீதிபதி, "நிலுவையிலுள்ள இடைமனுக்கள் முடித்துவைக்கப்படுகின்றன" என்றார்.

பூரிப்போடு திரும்பினால், அக்கா முகத்தில் சிரிப்பே இல்லை.

"முடிச்சு வெக்கறதுன்னா என்னங்க?"

"வழக்கு முடிஞ்சா அதுக்குள்ள போட்ட மனுவுக்கும் வேலை முடிஞ்சுதுங்கக்கா. ரிசார்ட்காரர் போட்டதும் அப்படித்தான்."

"அவரு மனுவ முடிச்சது செரிங்க. என்னோடத எதுக்கு முடிச்சாங்க? அந்தக் கமிஷனரு இன்னும் மறுபடி வந்து பாக்கலீங்களே."

நீதிபதி காதில் அது விழுந்துவிட்டது. "ஜெயிச்சுட்டீங்கம்மா. பஸ் ஊர் வந்து சேந்தாச்சு. இனி நடுவழியில நிறுத்தச் சொல்லலாமா?"

"நான் எறங்க வேண்டிய எடம் நடுவழியிலதானுங்களே அய்யா."

கோர்ட்டே சிரித்தது. அக்கா சிரிக்கவில்லை, சட்டமும் அசையவில்லை.

வெளியே வராந்தாவில் அந்தக் கமிஷனர் டீ குடித்துக்கொண்டிருந்தார். அக்கா நேரே அவர் முன்னால் போய் நின்றார்.

"ஏனுங்க, இனி கோர்ட்டு உங்கள அனுப்பாதாம். அதனால நானே கூப்படறேன். வேலிய எடுத்ததும் ஒரு ஞாயித்துக்கெழம எங்கூட்டுக்கு வாங்க."

கெஞ்சலும் இல்லை, மிரட்டலும் இல்லை. மனிதர் டம்ளரைக் கீழே வைத்துவிட்டு, "சரிங்க" என்றார்.

சொன்னபடியே வந்தார். வேலி எடுத்த பாதையில் அக்கா முன்னால், அவர் நடுவில், நான் கடைசியில். வழுக்கிய இடத்திலெல்லாம் அவர் என்னைப் பிடித்துக்கொண்டார். நான் மிளகுக்கொடியைப் பிடித்துக்கொண்டேன். மேலே போய்ச் சேர்ந்ததும் மூச்சிரைக்க, "பாதைதானுங்கம்மா. நான் எழுதினது தப்பு" என்றார்.

அக்கா அவரை ஒரு நிமிஷம் பார்த்தார். "நொம்ப எளைக்குது உங்களுக்கு. வாங்க, காப்பி குடிக்கலாம்."

கிளம்பும்போது நான் தொழில்முறையில் ஒரு வார்த்தை சொல்லி வைத்தேன். "இனி ஏதாச்சும் பிரச்சனைன்னா சொல்லியனுப்புங்கக்கா, வந்தர்றேன்."

"பிரச்சனை இல்லீனா வரமாட்டீங்களா?"

அடுத்த ஞாயிற்றுக்கிழமையும் போனேன்.