அடுப்புச் சாமியின் வாயை ஒட்ட ஒரு மிட்டாய்

பெய்காங்
சந்திர ஆண்டின் பன்னிரண்டாம் மாதம், இருபத்து நான்காம் நாள், மதியம்

மரியாதைக்குரிய சியூ-யுவே சித்திக்கு, பெய்-யுன் எழுதுவது.

இல்லை சித்தி, சட்டி தீயவில்லை. நீங்கள் முதலில் அதைத்தான் கேட்பீர்கள். சட்டி நலம், நான் நலம், அம்மாவும் நலம். தைபே மழையில் உங்கள் முழங்கால் வலிக்காமல் இருக்க வேண்டும். நலம் விசாரித்து முடித்துவிட்டேன். இனி ஒரு கேள்வி.

அம்மாவிடம் சொன்னது நீங்கள்தானா?

நான் முதுகலைப் படிப்பை விட்டது மூன்று பேருக்குத் தெரியும். எனக்கு. விலகல் தாளில் முத்திரை குத்திய அலுவலகப் பெண்ணுக்கு. உங்களுக்கு. அந்தப் பெண்ணுக்கு அம்மாவைத் தெரியாது.

செப்டம்பரில் விலகினேன். அதுவரை ஒவ்வொரு ஞாயிறும் போனில் அம்மாவின் முதல் கேள்வி, "ஆய்வு எத்தனை பக்கம் வந்திருக்கு?" செப்டம்பரிலிருந்து அந்தக் கேள்வி இல்லை. குளிரைப் பற்றிக் கேட்கிறாள். முள்ளங்கி விளைச்சலைப் பற்றிச் சொல்கிறாள். ஒன்றும் தெரியாதவர்கள் ஆய்வைப் பற்றிக் கேட்பார்கள். தெரிந்தவர்கள்தான் முள்ளங்கியைப் பற்றிப் பேசுவார்கள்.

இன்னொன்று. புதன்கிழமை மாலையில் உங்களுக்குப் போன் செய்தால் லைன் பிஸி. அம்மாவுக்குச் செய்தாலும் பிஸி. ஒரு மணி நேரம், வாராவாரம். அக்கா தங்கை இருவரும் அவ்வளவு நேரம் என்ன பேசுவீர்கள்? என்னைப் பற்றித்தான்.

பத்து நாள் முன்பு அம்மா போன் செய்தாள்.

"யுன், இந்த வருஷம் அடுப்புச் சாமிக்கு மிட்டாய் நீதான் செஞ்சு கொண்டுவரணும்."

"நானா? எப்பவும் கடையிலதானே வாங்குவே?"

"கடை மிட்டாய் பல்லுலகூட ஒட்ட மாட்டேங்குது. மாவு மாதிரி உதிருது. அதத் தின்னுட்டு வருஷக் கடைசியில வானத்துக்குப் போனாருன்னா அங்க இருக்கற பேரரசர்கிட்ட எல்லாத்தையும் கக்கிடுவாரு."

"எதைக் கக்குவாரு?"

"எதையோ. வருஷம் பூரா சமையக்கட்டுச் சுவத்துல உக்காந்து பாத்துக்கிட்டே இருக்காருல்ல. நல்லா ஒட்டணும். தெரிஞ்சுதா?"

தெரிஞ்சுதா என்றாள். கவனியுங்கள் சித்தி.

மறுநாள் காலை உங்கள் போன். "செய்யேன்டி, ரொம்ப ஈஸி, சுடறது கிடறது ஒண்ணும் வேணாம், அடுப்புல பத்தே நிமிஷம்." இரண்டு நாளில் பார்சல். இரண்டு பை பால்பவுடர், ஒரு பை வறுத்த வேர்க்கடலை, எனக்கு ஒரு கம்பளிக் காலுறை. அம்மா என்னிடம் கேட்டதை நான் யாரிடமும் சொல்லவில்லை. உங்களுக்கு எப்படித் தெரிந்தது? அந்தக் காலுறையை இன்னும் போடவில்லை. அதையும் சந்தேகப்படுகிறேன்.

பத்து நிமிஷம் என்றீர்கள். முதல் சட்டி நாற்பது நிமிஷம். வெண்ணெய் உருகியது, மார்ஷ்மெல்லோ மிட்டாய்களைக் கொட்டினேன், அது உருகுகிற அழகைப் பார்த்துக்கொண்டே நின்றதில் தீயைக் குறைக்க மறந்தேன், பால்பவுடரைப் போட்டதும் கட்டி கட்டியாகத் திரண்டது, கடலையை ஃபிரிட்ஜிலிருந்து எடுத்து அப்படியே கொட்டினேன், கொட்டிய நொடியில் எல்லாம் இறுகிக் கரண்டியை நடுவில் பிடித்துக்கொண்டது, கரண்டியைத் தூக்கினால் சட்டியும் சேர்ந்து வந்தது, அதைப் பலகையில் தட்டித் தட்டி எடுத்து, கத்தி இறங்காமல், கத்திமேல் இஞ்சி இடிக்கும் குழவியால் அடித்துக்கொண்டிருந்தபோது கதவு தட்டப்பட்டது. கீழ்வீட்டு குவோ அக்கா.

"யாரப் போட்டு அடிக்கிறே?"

"மிட்டாய் செய்யறேன் அக்கா."

ஒரு துண்டை எடுத்து வாயில் போட்டார். உடனே கையில் துப்பிக்கொண்டார்.

"எனக்கு இருக்கறதே ஒரு தங்கப் பல்லு. கடலையச் சூடாப் போடணும்டி. தீ கம்மியா வைக்கணும். யாருக்கு இது?"

"அடுப்புச் சாமிக்கு. நல்லா ஒட்டணுமாம்."

குவோ அக்கா கண்ணைச் சுருக்கினார். "ஒட்டற மிட்டாய் கேக்கறவங்க எதையோ மறைக்கறாங்கன்னு அர்த்தம். நீ என்னத்த மறைக்கிறே?"

பாருங்கள். கீழ்வீடு வரைக்கும் வந்துவிட்டது.

இரண்டாவது சட்டி சரியாக வந்தது. மெத்தென்று இருந்தது, அழகாக வெட்ட வந்தது, தாளிலிருந்து சுத்தமாகக் கழன்றது. அதுதான் குறை. கழலக்கூடாதே. மூன்றாவது சட்டியில் வேண்டுமென்றே பால்பவுடரைப் பாதியாகக் குறைத்தேன். கடலையை அடுப்பருகே வைத்துச் சூடாக்கினேன். வந்தது மிட்டாய் இல்லை. பசை. ஒரு துண்டு மேல் அண்ணத்தில் ஒட்டி, கால் மணி நேரம் என்னால் ஒரு வார்த்தை பேச முடியவில்லை. மகிழ்ச்சியாக இருந்தது.

ஒன்று தெளிவாகத் தெரிந்தது. நான் மிட்டாய் செய்வது சாமிக்காக இல்லை. அவர் மேலே போய், "லின் சியூ-ஹ்வாவின் மகள் படிப்பை விட்டுவிட்டு நாலு மாதமாகப் பொய் சொல்கிறாள்" என்று சொல்வதைப் பற்றி எனக்குக் கவலை இல்லை. அம்மா முந்திக்கொண்டு வாயைத் திறந்துவிடுவாளே என்றுதான் கவலை. "எனக்குத் தெரியும்" என்று அவள் சொல்வதற்கு முன் நானே சொல்ல வேண்டும். நாலு மாதமாக முடியவில்லை.

இன்று காலை பத்து மணிக்கு அம்மா வீட்டுக்கு வந்து சேர்ந்தேன், டப்பாவோடு. பத்து மணி சீக்கிரம் என்று நினைத்தேன். என் ஆய்வுத் தலைப்பே வீட்டுத் தெய்வங்கள். எழுதி முடித்தது முப்பத்தொரு பக்கம். அதில் பதினோராம் பக்கத்தில், வட சீனத்துப் புத்தகங்களைப் பார்த்து, "அடுப்புச் சாமியை மாலையில் வழியனுப்புவர்" என்று எழுதியிருக்கிறேன்.

சமையலறையில் ஊதுபத்தி அணைந்திருந்தது. அவர் ஏறிப்போகும் காகிதக் குதிரையின் சாம்பல் ஆறிக் கிடந்தது.

"போயிட்டாரா?"

"ஆறு மணிக்கே அனுப்பிட்டேன். இன்னிக்கு எல்லா வீட்டுச் சாமியும் கிளம்புது. லேட்டாப் போனா மேல கடைசி வரிசைதான்."

"மிட்டாய் கொண்டுவரச் சொன்னியே!"

"நேத்தே வரச் சொன்னேன். இருபத்து நாலுக்கு முன்னாடின்னா இருபத்து நாலா? இருபது வருஷம் இந்த வீட்டுல வளந்தவ, எம்.ஏ. வேற படிக்கறா."

எம்.ஏ. என்று சொல்லும்போது என் முகத்தைப் பார்க்கவில்லை சித்தி. ஜன்னலைப் பார்த்தாள்.

"வாயில ஒண்ணும் வைக்காமயா அனுப்பினே?"

"என்ன பண்றது? ரெண்டு ஆரஞ்சு வச்சேன்." பிறகு தனக்குள், "ஆரஞ்சு எங்க ஒட்டப்போகுது" என்றாள்.

எனக்கு மனசு ஆறவில்லை. அம்மா துணி காயப்போடப் போனதும், ஒரு துண்டை வாயில் மென்று இளக்கி, சுவரில் இருக்கும் அவர் படத்தின் மீசைக்குக் கீழே அழுத்தி ஒட்டினேன். வழியில் எங்காவது நின்று திரும்பிப் பார்ப்பார் என்ற நம்பிக்கையில். எச்சில் மிட்டாய். அபசாரம். தெரியும். சாயங்காலம் எடுத்துவிடுவேன்.

ஆக, அம்மாவுக்குத் தெரியும். நீங்கள்தான் சொல்லியிருக்கிறீர்கள். சின்ன வயதில் நான் உடைத்த தெர்மாஸைப் பற்றி நீங்கள் மூச்சுவிடவில்லை, அதை நம்பித்தான் இதையும் சொன்னேன். தெர்மாஸ் வேறு, இது வேறு போலிருக்கிறது.

உங்கள் முழங்காலுக்கும் பூனைக்கும் என் அன்பு. புது வருஷம் உங்களுக்கு எல்லா நலனும் தரட்டும். நான் கோபத்தில் இருந்தாலும் இதை மனதார எழுதுகிறேன்.

பெய்-யுன்

பின்குறிப்பு: மாலை நாலு மணி. மிட்டாயை எடுக்கப் போனேன். வரவில்லை. கொஞ்சம் பலமாக இழுத்தேன். சாமி மொத்தமாக வந்துவிட்டார். படத்துக்குப் பின்னாலிருந்து மடித்த தாள் ஒன்று விழுந்தது.

மதிப்பெண் பட்டியல். நடுநிலைப் பள்ளி, பெரியவர்களுக்கான மாலை வகுப்பு, முதலாம் ஆண்டு. மாணவி பெயர்: லின் சியூ-ஹ்வா. ஆங்கிலம்: 41.

அம்மா வாசலில் துணிக்கூடையோடு நின்றாள்.

"உன் சித்தி சொல்லிட்டாளா?" முகம் சிவந்துவிட்டது. "புதன்கிழமை புதன்கிழமை ஏ, பி, சி சொல்லிக் குடுத்துட்டு, உங்கிட்ட வந்து வத்தி வச்சுட்டாளா?"

"சித்தி ஒண்ணும் சொல்லல. இதை ஏன்மா இங்க வச்சே?"

"அவரு கண்ணுக்கு முன்னாடி நடக்கறதத்தானே பாப்பாரு. முதுகுக்குப் பின்னாடி வச்சா எப்படித் தெரியும்?"

"எங்கிட்டயாவது சொல்லியிருக்கலாமே."

"எந்த மூஞ்சிய வச்சுக்கிட்டு? செப்டம்பர்ல வகுப்புல சேந்ததுலேருந்து, உன் ஆய்வப் பத்திக் கேக்கும்போதே என் வாயிலேருந்து என்னோடது வந்துடும்னு பயம். அதான் முள்ளங்கியப் பத்திப் பேசினேன்."

பன்னிரண்டு வயதில் பள்ளியை விட்டுக் கடலை உடைக்கப் போனவள் அவள். உங்களுக்குத் தெரியும். உங்களைப் பள்ளிக்கு அனுப்பத்தான் போனாள்.

சித்தி, மேலே எழுதியதை அடித்துவிடலாம் என்று பேனாவை எடுத்தேன். இரண்டு பக்கமும் நிறைந்துவிட்டது. அப்படியே அனுப்புகிறேன், குற்றச்சாட்டுகளை மட்டும் திரும்ப எடுத்துக்கொள்கிறேன். எங்கள் இருவர் ரகசியத்தையும் ஒரே வாயில் அடக்கிவைத்திருந்தீர்கள். மிட்டாய்கூட இல்லாமல்.

அம்மா டப்பாவைத் திறந்து, "சரி விடு, ஆளுக்கு ஒண்ணு தின்னுவோம்" என்றாள். நான் டப்பாவை வாங்கி மூடினேன். அதைத் தின்றால் கால் மணி நேரம் பேச முடியாது. அம்மாவுக்கு எதிரில் உட்கார்ந்தேன். படிப்பை விட்டுவிட்டேன் என்று சொன்னேன். செப்டம்பரில் என்றும் சொன்னேன்.

அம்மா கூடையிலிருந்து ஒரு சட்டையை எடுத்து மடித்தாள். பிரித்தாள். மறுபடி மடித்தாள்.

"அப்போ," என்றாள், "புதன்கிழமை சாயங்காலம் நீ சும்மாதான இருப்பே?"

பையிலிருந்து நீங்கள் அனுப்பிய காலுறையை எடுத்துப் போட்டுக்கொண்டேன். அவளுடைய ஆங்கில நோட்டை எடுத்துவரச் சொல்லி, சிவப்பு மையில் வட்டமிட்டிருந்த முதல் தவறிலிருந்து ஆரம்பித்தேன்.