கலைவாணி கிரகம் பார்க்கிறாள்

"ஜாதகமெல்லாம் எனக்குப் பாக்கத் தெரியாதுக்கா" என்று கலைவாணி மூன்றாவது முறையாகச் சொன்னாள்.

எதிரே உட்கார்ந்திருந்த பக்கத்து வீட்டுக்காரி அசரவில்லை. மூலைகளில் மஞ்சள் தடவிய ஜாதக நோட்டை லேப்டாப்பின் மேலேயே விரித்து வைத்தாள்.

"பெங்களூர்ல நீ கிரகம் பாக்குறியாமே?"

கலைவாணி அடுக்களைப் பக்கம் திரும்பி அம்மாவை முறைத்தாள். வள்ளி அவசரமாக மிக்சியை ஓடவிட்டாள்.

கலைவாணி வானியல் ஆராய்ச்சி மாணவி. பத்து நாள் விடுமுறையில் பிள்ளையார்பாளையத்து வீட்டுக்கு வந்திருந்தாள். தொலைதூர நட்சத்திரம் ஒன்றைக் கிரகம் ஏதும் சுற்றுகிறதா என்று வெள்ளிக்கிழமைக்குள் பேராசிரியருக்கு எழுதி அனுப்ப வேண்டும்.

"நான் பாக்குறது இந்த ஒம்பது கிரகம் இல்லக்கா. வேற வேற நட்சத்திரத்தைச் சுத்துற கிரகம்."

அதுதான் வினையாகப் போயிற்று. ஊரிலுள்ள ஜோசியர்கள் ஒன்பதோடு நிறுத்திக்கொள்கிறார்கள், வள்ளி மகள் அதற்கு மேலேயும் பார்க்கிறாள் என்று சாயங்காலத்துக்குள் தெருவெல்லாம் பேச்சு. மறுநாள் காலை வாசலில் பன்னிரண்டு ஜோடிச் செருப்பு கிடந்தது.

விஞ்ஞானத்தை விளக்கினால் கலைந்துவிடுவார்கள் என்று நம்பி, கலைவாணி தொண்டையைச் செருமிக்கொண்டாள்.

"நட்சத்திரத்துக்குக் குறுக்கால கிரகம் போச்சுன்னா வெளிச்சம் ஒரு துளி மங்கும். திரும்பத் திரும்ப, அதே கணக்குல மங்கணும். அதை வச்சுத்தான் அங்க கிரகம் இருக்குதுன்னு கண்டுபிடிக்கிறோம்."

"கரெக்டுமா!" என்று ஜரிகைக் கடை பாண்டியன் துள்ளி எழுந்தார். "என் பையன் நட்சத்திரமும் அப்படித்தான். ஆறு மாசத்துக்கு ஒருவாட்டி மங்குது. செமஸ்டர் பரீட்சை வந்தா போதும்!"

"ஐயோ, அது வேறண்ணா! ஒருவாட்டி மங்குனதை வச்சு நாங்க எதுவும் சொல்ல மாட்டோம். மூணு வாட்டியாச்சும் பாக்கணும்."

"மூணு வாட்டி வரணுமாம்" என்று பின்வரிசைக்குச் செய்தி போயிற்று. அத்தனை பேரும் அடுத்த இரண்டு நாளும் தவறாமல் வந்தார்கள்.

மூன்றாம் நாள் கலைவாணி கத்தியேவிட்டாள். "நாங்க தேடுறதே வேறங்க! அந்தக் கிரகத்துல காத்து இருக்குதா, அதுல என்னென்ன வாயு கலந்திருக்குது, உயிர் இருக்குதான்னுதான் தேடிக்கினு இருக்கோம்."

சுவரோரமாக நின்றிருந்த பொன்னியம்மாள் முன்னால் வந்தாள்.

"எங்க வூட்டுக்காரரு வாலாஜாபாத் போயிட்டு வரேன்னு கெளம்பிப் பன்னெண்டு வருசம் ஆவுது. உயிரு இருக்குதான்னு பாரும்மா."

'இருக்கிறார்' என்று ஒரு வார்த்தை சொன்னால் அவள் நிம்மதியாகப் போவாள். கலைவாணி லேப்டாப்பை மூடி வைத்தாள்.

"தெரியலம்மா. நெஜமாவே எனக்குத் தெரியல. தெரியாததைத் தெரியும்னு சொன்னா எங்க வேலையில அதைவிடப் பெரிய தப்பு கெடையாது."

பொன்னியம்மாள் முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டாள்.

"இத்தினி வருசத்துல ஒருத்தரும் எங்கிட்ட இப்படிச் சொன்னதில்லம்மா" என்றவள், வள்ளி கொடுத்த மோரைக் கடைசிச் சொட்டுவரை குடித்துவிட்டுப் போனாள்.

"மூஞ்சிக்கு நேரா தெரியாதுன்னு சொல்லுதாம்பா அந்தப் பொண்ணு!" என்று தெருவெல்லாம் பேச்சாயிற்று. மறுநாள் வாசலில் முப்பது ஜோடிச் செருப்பு.

வெள்ளிக்கிழமை வந்தது. அந்த நட்சத்திரம் இதுவரை இரண்டு முறைதான் மங்கியிருந்தது. கிரகமேதான் என்று எழுதக் கை துறுதுறுத்தது. 'இப்போதைக்குத் தெரியவில்லை' என்று எழுதி அனுப்பினாள்.

நிமிர்ந்து பார்த்தால், வாசலில் ராமலிங்கம் ஜோசியர் நின்றுகொண்டிருந்தார். தெருமுனையில் முப்பது வருடமாகப் போர்டு மாட்டி ஜாதகம் பார்ப்பவர். ஒரு வாரமாக அவர் கடையில் ஈ கூட இல்லை என்று பாண்டியன் சொல்லியிருந்தார்.

கூட்டம் நைசாகக் கலைந்தது. வள்ளி சாமி படத்தைப் பார்த்துக் கையெடுத்துக் கும்பிட்டாள்.

"வாங்கய்யா" என்று கலைவாணி தடுமாறி எழுந்தாள். "சத்தியமா உங்க தொழிலைக் கெடுக்கணும்னு நான்..."

ராமலிங்கம் வாசலை ஒருமுறை எட்டிப் பார்த்துக்கொண்டு, குரலைத் தாழ்த்தினார்.

"எனக்குப் பதில் தெரியாத ஜாதகத்தையெல்லாம் உங்கிட்ட அனுப்பினதே நான்தாம்மா. தெரியாதுன்னு நான் சொன்னா போர்டைக் கழட்டணும், நீ சொன்னா ஆராய்ச்சிங்கிறாங்க!"