நாற்பத்தோரு நாள் காமாலை

நல்ல ஆரோக்கியமாக இருந்த ஒரு மனிதருக்கு நான் மஞ்சள் காமாலையை வரவழைத்திருக்கிறேன். அதுவும் கீபோர்டைத் தட்டியே.

வக்கீலாகி ஐந்து மாதம்தான் ஆகியிருந்தது. சரவணம்பட்டியிலிருந்து பஸ் ஏறி, பல்லடத்தில் ஒரு சீனியரிடம் ஜூனியராகப் போய்வந்துகொண்டிருந்தேன். (கறுப்பு கவுனை மாட்டினால் சட்டம் தானாக உள்ளே இறங்கிவிடும் என்று நம்பிய காலம்.)

பழனியப்பன் கோழிப்பண்ணை வைத்திருந்தார். வண்டித்தடம் யாருக்குச் சொந்தம் என்று பக்கத்துத் தோட்டத்துச் சென்னியப்பன் அவர்மேல் வழக்குப் போட்டிருந்தார். இவர் பதிலும் தாக்கல் செய்யவில்லை, வாய்தாவுக்கும் போகவில்லை. இவர் தரப்பைக் கேட்காமலேயே தீர்ப்பாகிவிட்டது. அதை ரத்துசெய்யக் கேட்பதற்கு முப்பது நாள் கெடு. அதுவும் முடிந்து நாற்பத்தோரு நாள் கழித்து எங்களிடம் வந்து நின்றார். தடம் போனால் பண்ணைக்குத் தீவன லாரி வர வழியே கிடையாது.

தாமதத்தை மன்னிக்கச் சொல்லி மனுப் போடலாம். ஆனால் நியாயமான காரணத்தை அபிடவிட்டில் சத்தியம் செய்து சொல்ல வேண்டும். சீனியர் அந்த வேலையை என் தலையில் கட்டினார்.

"ஏனுங்க இவ்வளவு நாள் வரலை?" என்று கேட்டேன்.

அவர் கூரையைப் பார்த்தார். "கொஞ்சம் சொந்த வேலைங்க, அம்மணி."

சொந்த வேலையென்று எழுதினால் எந்த நீதிபதி மன்னிப்பார்? ஆபீஸ் கம்ப்யூட்டரில் யாருக்கோ காமாலை வந்த பழைய அபிடவிட் ஒன்று கிடந்தது. பெயரையும் தேதியையும் மாற்றினேன். இங்கிலீஷில் இருந்ததால் அவரும் நம்பிக் கையெழுத்துப் போட்டார்.

விசாரணை நாளில் நீதிபதி அம்மா கண்ணாடியைக் கழற்றினார். "பழனியப்பன், காமாலைக்கு எங்கே வைத்தியம் பார்த்தீங்க?"

"ஆருக்குங்க?" என்றார் பழனியப்பன்.

"உங்களுக்குத்தான்."

"எனக்குங்களா? எப்பங்க?"

அந்த நிமிடம் என் முகத்தைப் பார்த்திருந்தால் காமாலை யாருக்கு என்று எந்த வைத்தியரும் சொல்லியிருப்பார்.

பின்வரிசையிலிருந்து சென்னியப்பன் எழுந்தார். அவருடைய வக்கீல் சட்டையைப் பிடித்து இழுத்தும் உட்காரவில்லை.

"அம்மா, அவனுக்குக் காமாலையெல்லாம் ஒண்ணுமில்லீங்க."

தொலைந்தோம் என்று நினைத்தேன்.

"அந்த நாளெல்லாம் எம்புள்ள கண்ணாலத்துக்கு எங்கூட்டுலதானுங்க கெடந்தான். சீர் எடுக்கறதுல இருந்து பந்தி பரிமாற வரைக்கும் அத்தனையும் அவந்தானுங்க. எனக்குன்னு கூடப்பொறந்தவன் ஆருமில்லீங்களே."

"அப்புறம் எதுக்கு வழக்கு?"

"அது தடத்துக்குங்க. இது கண்ணாலமுங்க."

கோர்ட்டே சிரித்தது. நீதிபதியும் உதட்டைக் கடித்துக்கொண்டார். "தாமதத்தை மன்னிச்சு அவர் தரப்பைக் கேட்கலாமா?"

"கேளுங்கம்மா. கேக்காம செயிச்சா அது என்னங்க செயிப்பு?"

பிறகு நீதிபதி என் பக்கம் திரும்பினார். யாரும் சிரிக்கவில்லை. "ஒரு நேர்மையான மனுஷனைப் பொய்ச் சத்தியம் பண்ண வெச்சிருக்கீங்க. உண்மையை எழுதிட்டு வாங்க."

வெளியே வந்ததும் எனக்கு அழுகை முட்டியது. "ஏன் என்கிட்டச் சொல்லலை?"

"கேசு போட்டவனூட்டுக் கண்ணாலத்துக்கு எதுக்குப் போனேன்னு வைவீங்களோன்னுதானுங்க" என்றார் பழனியப்பன். "அழுகாத கண்ணு. உன்னால எனக்கு ஒரு கெடுதலும் வரல." சென்னியப்பன் மூன்று டீ சொன்னார்.

புதிய அபிடவிட்டைத் தமிழில் எழுதி, வரிவரியாகப் படித்துக்காட்டிக் கையெழுத்து வாங்கினேன். தாமதம் மன்னிக்கப்பட்டது. தட வழக்கு இன்னும் நடக்கிறது. இருவரும் ஒரே பைக்கில்தான் வாய்தாவுக்கு வருகிறார்கள்.

என் கல்யாணத்துக்கும் அதே பைக்கில் சர்ச்சுக்கு வந்து, ஒரு தொட்டி நிறையக் கீழாநெல்லிச் செடியைப் பரிசாகக் கொடுத்தார்கள். காமாலை மருந்தைப் பார்த்து மாப்பிள்ளை வீட்டார் மிரண்டுபோய்விட்டார்கள். என் கல்லீரலில் ஒன்றுமில்லை என்று மாமியாருக்குப் புரியவைக்க, முழுக் கதையையும் வரவேற்பு மேடையிலேயே சொல்ல வேண்டியதாயிற்று.

அன்றிலிருந்து ஞாயிறு பூசைக்கு நான் பிந்தினால், கேட்பவர்களிடமெல்லாம் மாமியார், "அவளுக்குக் காமாலை" என்கிறார்.

நான் மறுப்பதில்லை. மறுத்தால் அபிடவிட் கேட்பார்.