புலிக்குப் போட்ட லட்

ஒரு காட்டில், எந்தக் காடு என்று கேட்காதீர்கள், சொன்னால் நாளைக்கே நாலு யூனிட் வேன் போய் நிற்கும், ஒரு குட்டை இருந்தது. குட்டையைச் சுற்றிக் காய்ந்த புல். புல்லுக்குள் ஒரு புலி. தண்ணீர் குடிக்க வருகிறவை புள்ளிமான்கள். கதைக்கு இவ்வளவே போதும். கரையில் ஒரு மருதமரமும் அதன் மேல் ஒரு குரங்கும் இருந்து தொலைத்ததால் கொஞ்சம் நீண்டுவிட்டது.

மான்களுக்குக் கண்ணில் ஒரு குறை உண்டு. ஆரஞ்சு நிறம் தெரியாது. புலியின் ஆரஞ்சு அவற்றின் கண்ணுக்குப் புல்லின் நிறமாகத்தான் தெரியும். நம்மைக் குலைநடுங்க வைக்கிற அந்த உடம்பைப் பார்த்துவிட்டு மான் பாட்டுக்கு, "புல்லு நல்லா வளந்திருக்கே" என்று நினைத்துக்கொண்டு நிற்கும். குரங்குக்கு அந்தக் குறை இல்லை. புல்லுக்குள் ஆரஞ்சு அசைந்தால் மரத்திலிருந்து "கெக், கெக்" என்று கத்தும். உடனே மான்கள் ஓட்டம் பிடிக்கும். காலங்காலமாக நடக்கிற ஏற்பாடு. இதற்காகக் குரங்கை யாரும் கூப்பிட்டுப் பொன்னாடை போர்த்தியதில்லை என்பது வேறு விஷயம். குரங்கின் மனதில் அந்தக் குறை இருந்தது.

மான்களில் பொட்டழகி என்று ஒருத்தி. அவளுடைய முதல் இரண்டு குட்டிகளும் குரங்கு கண்ணயர்ந்த நேரங்களில் புலியின் வயிற்றுக்குப் போய்விட்டன. மிச்சம் ஒரு கிடாக்குட்டி. இதற்காவது கொம்பு முளைக்கிற வரை உயிர் இருக்க வேண்டும், அவ்வளவுதான் அவளுக்கு. வேறு ஆசை கிடையாது.

இப்படி இருக்கும்போது, காட்டுயிர்ப் படம் எடுக்க வந்த சிலர் யானை துரத்தியதில் சினிமாக் காமிராவையும் கம்ப்யூட்டரையும் பெரிய திரையையும் போட்டது போட்டபடி விட்டுவிட்டு ஓடினார்கள். குரங்கு இறங்கி வந்து காமிராவைத் தோளில் வைத்துப் பார்த்தது. சரியாக உட்கார்ந்தது. அந்த நிமிஷமே அது இயக்குநர் ஆகிவிட்டது. இயக்குநரை 'அது' என்று சொல்வது மரியாதையில்லை. ஆகவே இனி அவர். பெயரும் வைத்துக்கொண்டார்: மருதவாணன். கம்ப்யூட்டருக்குக் கரண்ட் எங்கே என்று கேட்கிறவர்கள், குரங்கு காமிராவைத் தூக்கியபோதே எழுந்து போயிருக்க வேண்டும்.

கதை தயாராக இருந்தது. மான்கள் தண்ணீர் குடிக்கும், புலி வரும், குரங்கு கத்தும், எல்லோரும் பிழைப்பார்கள். நாயகன் யார் என்று உங்களுக்கே புரிந்திருக்கும். புலியிடம் போய்க் கால்ஷீட் கேட்டார்.

"தாராளமா நடிக்கறேன் தம்பி," என்றது புலி. "குளோசப்ல என் மீசை தெரியணும். வேற ஒண்ணும் வேணாம்."

படப்பிடிப்பில் வெயில் ஒரு ஷாட்டில் இருந்தது, அடுத்த ஷாட்டில் மேகத்துக்குள் போய்விட்டது. மான்கள் ஒரு காட்சியில் வெளிச்சத்தில், மறு காட்சியில் கும்மிருட்டில். யார் என்ன குறை சொன்னாலும் மருதவாணன் கையை வீசி, "டி.ஐ.ல பாத்துக்கலாம்" என்றார். எடுத்த படத்துக்கு நிறம் சரிசெய்கிற வேலைக்குத்தான் டி.ஐ. என்று பெயர். ஆனால் சினிமாக்காரர்கள் அந்த வார்த்தையைச் சொல்கிற விதத்தைப் பார்த்தால், பாவமன்னிப்புக்கு வைத்த பெயரோ என்று தோன்றும்.

முதல் தடவை மான்களுக்குப் போட்டுக் காட்டியபோது ஒரே அழுகை. திரையில் காடு சாம்பல் பூத்துக் கிடந்தது. இந்த வகைக் காமிரா நிறங்களையெல்லாம் சுருக்கி மடித்து உள்ளே வைத்துக்கொள்ளும். பிறகு விரித்தால்தான் உண்டு. மான்களுக்கு அது எங்கே தெரியும்?

"ஐயோ, காடே செத்துப்போச்சே!" என்றாள் பொட்டழகி.

"சாகலைம்மா. இன்னும் லட் போடலை," என்றார் மருதவாணன்.

லட் போட ஒரு பச்சோந்தி வந்தது. பெயர் வண்ணமுத்து. நிறத்தில் அதைவிட அனுபவசாலி காட்டில் இல்லை. அதன் கண்கள் தனித்தனியாகச் சுழலும் என்பதால் ஒரு கண்ணை மானிட்டரிலும் மறு கண்ணை இயக்குநரின் முகத்திலும் வைத்துக்கொண்டு வேலை பார்க்கும். இரண்டாவது கண்தான் முக்கியமான கண்.

"லட்டுங்கறது ஒரு பட்டியல் சார்," என்று விளக்கியது. "இந்த நிறம் உள்ள வந்தா அந்த நிறமா மாத்தி வெளிய அனுப்பும். ஒரு தடவை போட்டு வச்சிட்டா படம் பூரா அதுவே பாத்துக்கும்."

ஒரு லட்டைப் போட்டது. சாம்பல் போன இடம் தெரியவில்லை. காடு காடாகவே வந்து நின்றது. மான்கள் மூக்கை நீட்டித் திரையில் இருந்த புல்லை முகர்ந்து பார்த்தன. மருதவாணன் நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு இடைவேளைக் காட்சிக்குக் காத்திருந்தார். புலி புல்லைப் பிளந்துகொண்டு வருகிற காட்சி. அவர் உயிரைக் கொடுத்து எடுத்தது. வந்தது. போனது. மான்கள் அசைபோட்டுக்கொண்டிருந்தன.

"புலி எப்ப சார் வரும்?" என்று ஒரு கிழட்டுக் கலைமான் கேட்டது.

"வந்துட்டுப் போயிடுச்சுய்யா!"

"அப்படியா? புல்லு ஆடினதுதான் தெரிஞ்சுது. ஆனா புல்லு அருமையா இருந்துது சார்."

இந்த அவமானத்தை எந்த இயக்குநர் தாங்குவார்? மருதவாணன் வண்ணமுத்துவின் மரப்பொந்துக்குள் போய், "இவங்களுக்கு ஆரஞ்சு தெரியாது. தெரியற நிறமா மாத்து. நீலம் தெரியும்ல? நீலம் போடு," என்றார்.

வண்ணமுத்து ஆரஞ்செல்லாம் நீலமாகும்படி புது லட் ஒன்று செய்தது. போட்டதும் புலி நீலமானது. கூடவே மான்களும் நீலமாகிவிட்டன, அவற்றின் தோலும் ஆரஞ்சு கலந்த பழுப்புதானே. பூத்திருந்த புரசமரமும் நீலம். பிறகு புலியை மட்டும் தனியாகச் சுற்றிவளைத்து, ஒவ்வொரு காட்சியாக முதுகொடிய உட்கார்ந்து, மற்றவற்றைப் பழைய நிறத்துக்குக் கொண்டுவந்தது. கடைசியில் அதற்கே ஒரு சந்தேகம் வந்தது.

"சார், லட்டு படத்து மேலதான் போட முடியும். வெளிய திரியற புலி..."

மருதவாணனின் முகம் சுருங்கியது. வண்ணமுத்துவின் இரண்டாவது கண் அதைப் பார்த்துவிட்டது. சந்தேகத்தில் பழுப்பாக இருந்த உடம்பு உடனே சம்மதப் பச்சைக்கு மாறியது. "ஒண்ணுமில்ல சார். மீசை பிரமாதமா வந்திருக்கு," என்றது.

படம் வெளியான அன்று காடே அலறியது. மான்கள் தங்கள் பிறவியிலேயே முதல் தடவையாகப் புலியைப் பார்த்தன! சில மான்கள் அங்கேயே சிறுநீர் கழித்தன. கிழட்டுக் கலைமான் எழுந்து நின்று, "இதான் புலியா? இவ்வளவு நாளா இதுகிட்டயா தப்பிச்சோம்!" என்று விம்மியது. பொட்டழகி அழுதே விட்டாள். தன் முதல் இரண்டு குட்டிகளைக் கொன்ற முகத்தை இன்றைக்குத்தான் பார்க்கிறாள். அழுகை அடங்கியதும் அவளுக்கும் ஒரு கேள்வி வந்தது.

"ஏங்க சார், நெசப் புலியும் இப்படி நீலமாத்தான் இருக்குமா?"

கூட்டத்தில் சிரிப்பு. மருதவாணன் கருணையோடு, "ஏம்மா, நீ நெசப் புலியைப் பாத்திருக்கியா?" என்றார்.

"இல்லைங்க."

"படத்துல பாத்தியா?"

"பாத்தேங்க."

"அப்புறம் என்ன?"

அவளும் தலையாட்டிவிட்டாள். யார்தான் ஆட்டமாட்டார்கள்? படமும் அவ்வளவு அழகாக இருந்தது.

அன்றிலிருந்து காட்டில் பெரிய விழிப்புணர்வு. மீன்கொத்தி பறந்தால் மான்கள் பதறி ஓடின. மயிலைக் கண்டால் கேட்கவே வேண்டாம். மயில் தண்ணீருக்கு வந்தால் குட்டையே காலியாகிவிடும். தனக்கு ஏன் இந்த மரியாதை என்று மயில் யாரையும் கேட்கவில்லை. மரியாதை கிடைக்கும்போது காரணம் கேட்கிற வழக்கம் மயில்களிடம் மட்டுமா இல்லை? மான்கள் கூடிப் பேசி மருதவாணனிடம் வந்து சொன்னன, "சார், இனிமே நீங்க மரத்துல உக்காந்து தொண்டை கிழியக் கத்த வேணாம். புலி எப்படி இருக்கும்னு எங்களுக்கே தெரிஞ்சுபோச்சு." அவருக்கும் நேரம் ஏது? பாராட்டு விழா, பேட்டி, நன்றி அறிவிப்பு. மருதமரத்தின் கிளையில் குருவிகள் கூடு கட்டிக்கொண்டன.

கோடை முற்றிய ஒரு மத்தியானம், குட்டையின் எதிர்க்கரையில் வெற்றிவிழா. மருதவாணன் மேடையில் நின்று பேசிக்கொண்டிருந்தார். இந்தப் பக்கம் பொட்டழகி குட்டியைத் தண்ணீருக்குக் கூட்டிவந்தாள். மேடை உயரமாக இருந்ததால் மருதவாணனுக்குப் புல் முழுவதும் தெரிந்தது. புல்லுக்குள் ஆரஞ்சு அசைந்தது. பரம்பரைப் பழக்கம், அவர் தொண்டைக்குள் 'கெக்' வந்துவிட்டது. வாயைத் திறந்தார். திறந்த பிறகுதான் யோசித்தார். இப்போது கத்தினால் என்ன அர்த்தம்? படம் தோல்வி என்று, மாலையும் கழுத்துமாக, அவரே ஒப்புக்கொண்டதாக ஆகிவிடும். 'கெக்'கை விழுங்கினார். விக்கல் என்று நினைத்து யாரோ தண்ணீர் கொடுத்தார்கள்.

குட்டி காதை நிமிர்த்தியது. "அம்மா, அங்க என்னமோ அசையுது."

பொட்டழகிக்கு உடம்பு சிலிர்த்தது. கால்கள் ஓடத் தயாராகிவிட்டன. "நீலமா இருக்கா?" என்று கேட்டாள்.

"இல்லம்மா. புல்லு மாதிரிதான் இருக்கு."

பொட்டழகி மூச்சை விட்டாள். "அப்ப ஒண்ணுமில்ல சாமி. நீ குடி."

குட்டி குனிந்தது.

பொட்டழகி தனியாக எதிர்க்கரைக்கு வந்தாள். விழா முடியும்வரை ஓரமாக நின்று, பிறகு மேடையருகே போனாள். சத்தம் போடவில்லை.

"மேல நின்னீங்களே சார். கத்தியிருக்கலாம்ல?"

மருதவாணன் மாலையைச் சரிசெய்துகொண்டார். "நிறம் மேட்ச் ஆகலைம்மா. படத்துல இருக்கற மாதிரி வராதது புலி செஞ்ச தப்பு. நான் என்ன பண்ண முடியும்?"

"ஆமாமா, புலிதான் ஒழுங்கா வரணும்," என்றது கிழட்டுக் கலைமான். மற்ற மான்களும் தலையாட்டின. வண்ணமுத்து ஒரு கண்ணால் பொட்டழகியைப் பார்த்தது, மறு கண்ணால் மருதவாணனைப் பார்த்தது, பிறகு மேடைத் துணியின் நிறத்துக்கு மாறி மறைந்துகொண்டது. எனக்கு இந்த இடத்தில் எப்போதும் கோபம் வரும். பச்சோந்தி மேல்தான் அதிகம், அதற்குத் தெரியுமே.

இரங்கல் கூட்டம் மறுநாள். படத்தில் நடித்தவர் என்ற முறையில் புலியும் வந்து முன்வரிசையில் உட்கார்ந்து, முன்காலால் கண்ணைத் துடைத்துக்கொண்டது. துடைத்த காலிலேயே மீசையில் ஒட்டியிருந்ததையும் துடைத்துக்கொண்டது. மான்கள் அதற்கு இருபுறமும் நெருக்கியடித்து உட்கார்ந்திருந்தன. பொட்டழகியும்தான். ஒன்றுகூட எழுந்து ஓடவில்லை. நீலமாக எதுவும் கண்ணில் படவில்லையே.

நீதி: படத்தில் பார்த்த நிறத்தில் வராத புலியைக் கண்டு ஓடி உயிர் பிழைப்பது, கலைஞர்களுக்குச் செய்யும் அவமரியாதை.