ராகு காலத்தில் ஏற்றிய சாப்ட்வேர்

என் மனைவி யோகேஸ்வரி இருந்த காலத்தில், ஒரு செவ்வாய்க்கிழமை, நான் மாபெரும் முடிவோடு எழுந்தேன். இந்த வீட்டில் இனி முதலிடம் எனக்கு.

மற்ற எதிலும் எனக்கு முதலிடம் கிடையாது. அதை ஒப்புக்கொண்டு இருபத்தாறு வருடம் ஆகியிருந்தது. ஆனால் அந்த விளையாட்டுக் கருவி நான் ஆசைப்பட்டு வாங்கியது. உள்ளங்கை அளவுதான். எங்கள் இளவயதில் கடைகளில் நின்றுகொண்டு ஆடிய பழைய விளையாட்டுகள் எல்லாம் அதற்குள் இருந்தன. அவள் தொட்டது ஒன்றே ஒன்று: மேலிருந்து விழும் கட்டைகளை அடுக்குவது. ஒரே மாதத்தில் பட்டியலின் உச்சியில் அவள் பெயர். இரண்டு முதல் பத்து வரை நான். பாசிர் கூடாங் ஃபேக்டரியில் பன்னிரண்டு மணி நேர ஷிப்ட் முடித்து வந்து உயிரைக் கொடுத்து ஆடுவேன். அவள் குழம்பு கொதிக்கிற இடைவெளியில் ஆடுவாள்.

பக்கத்து வீட்டு கிரகோரி வழி சொன்னான்.

"இதுல உள்ள சாப்ட்வேர் பழசு லா. மெமரி கார்டைக் கழட்டி புது சிஸ்டம் ஏத்துங்கண்ணே, பறக்கும். ஆனா பழைய ஸ்கோரை முதல்ல கம்ப்யூட்டர்ல எடுத்து வச்சிருங்க. இல்லேன்னா எல்லாம் போச்சு."

கடைசி வரி என் காதில் தேனாகப் பாய்ந்தது.

மூன்று மணிக்குக் கார்டைக் கழற்றினேன்.

"ஏங்க, நாலரை வரைக்கும் ராகு காலம். இப்பவா புதுசா ஆரம்பிக்கிறீங்க?"

"சாப்ட்வேருக்கு ஏது ராகு காலம்? உனக்காகத்தான் பண்றேன். எழுத்து பெருசா தெரியும்."

"என் ஸ்கோரு?"

"அது... போயிரும்மா. ஒண்ணும் பண்ண முடியாது."

"அலமாக்! அப்ப உங்களுதும் போயிருமே?"

"போனா போகுது" என்றேன், தியாகி மாதிரி.

டீ போடப் போய்விட்டாள்.

இருபது நிமிடத்தில் புது சிஸ்டம் ஏறியது. திரை பளபளத்தது. தப்பாக ஆடினால் ஆட்டத்தைப் பின்னோக்கி ஓட்டித் திருத்திக்கொள்ளும் பொத்தான்கூட வந்திருந்தது. பட்டியல் சுத்தமாகக் காலி. ஆடினேன். தப்பு செய்தேன். ஓட்டினேன். மறுபடி தப்பு, மறுபடி ஓட்டினேன். நாலு இருபதுக்கு முதலிடத்தில் என் பெயர்!

"பாத்தியா?"

"நல்லா இருக்குங்க. நாலரை தாண்டட்டும், நானும் ஆடிப் பாக்கறேன்."

நாலு முப்பத்தொன்றுக்கு உட்கார்ந்தாள். பெருந்தன்மையோடு பின்னோக்கும் பொத்தானைக் காட்டினேன்.

"இது எதுக்குங்க?" என்றாள்.

ஏழு மணிக்கு ஃபேக்டரி பஸ். கிளம்பும்போது எட்டிப் பார்த்தேன். பட்டியலில் பத்து இடம். பத்திலும் அவள் பெயர்.

"எனக்கு ஒரு இடம்கூட வைக்கலியா?"

திரையிலிருந்து கண்ணை எடுக்காமல் சொன்னாள்.

"முன்ன முதல் இடம் வந்ததும், அதுக்கப்புறம் ஆடினதுக்கெல்லாம் நான் பேரே போடலைங்க. பாவம்னு ஒம்போது இடம் உங்களுக்கு விட்டு வச்சிருந்தேன். நீங்கதானே அழிச்சீங்க?"