ஊமைப் படத்தில் ஒரு ஏலம்

எங்கள் திரைப்படச் சங்கத்தின் ஐந்தாம் விதி, படம் ஓடும்போது யாரும் வாய் திறக்கக் கூடாது என்கிறது. எழுதியவன் நான். சின்னமனூரில் அதற்கு அடங்காத ஒரே ஜீவன் மண்டியார். வாழைக்காய் மண்டியில் ஏலம் கூவுகிறவர். அவர் குளிக்க வெந்நீர் கேட்டால் பக்கத்து ஊரான உத்தமபாளையத்தில் அடுப்பு பற்ற வைப்பார்கள்.

போன மாசியில் ஒரு ஜப்பானிய ஊமைப் படம் போட்டோம். தாசில்தாராக ஓய்வு பெற்றவன் அல்லவா, எல்லா அனுமதியும் முறைப்படி வாங்கினேன், ஒலிபெருக்கி அனுமதி உட்பட. வந்த பிரதியில் எழுத்தெல்லாம் ஜப்பான் மொழி. தமிழில் ஒரு வரி இல்லை.

பணக்கார வீட்டுப் பெண் வேலைக்குப் போகிறாள், ஒரு படகோட்டியை விரும்புகிறாள். அதற்குமேல் யாருக்கும் புரியவில்லை. மண்டியார் எழுந்துவிட்டார்.

"அந்தக் குடைக்காரன் தாய்மாமன். சொத்துக்கு அலையுறான், நம்பாதீக."

"உக்காருங்க, விதி இருக்கு."

"படத்துல இருக்கவுகளும் பேசல, நாமளும் பேசலன்னா எப்பிடி, தாசில்தாரய்யா?"

கூட்டம் அவர் பக்கம் சாய்ந்தது. அவர் சொன்ன கதையில் பெண்ணின் அப்பா கமிஷன் கடை வைத்திருந்தார்.

கடைசியில் காதலர்கள் பாலத்தில் சந்தித்தார்கள். மண்டியார் திரையைப் பார்க்கவில்லை. முன்வரிசையில் இருந்த எஸ்தர் டீச்சரைப் பார்த்தார். டீச்சர் தலைமையாசிரியை, கல்யாணமே செய்துகொள்ளாதவர்.

"அவன் என்ன சொல்றான்னா... நான் எட்டாவதுதான் படிச்சேன். பொண்டாட்டி தவறிப்போயி பல வருசமாச்சு. நீங்க வேலைக்குப் போங்க, சோறு நான் ஆக்குறேன். சம்மதமா? ஒரு தரம். ரெண்டு தரம்..."

மூன்றாவது வரவில்லை. டீச்சர் கண்ணாடியைத் துடைத்துக்கொண்டு வெளியே போய்விட்டார்.

மறுநாளிலிருந்து மண்டியில் அவர் குரல் வெறும் முணுமுணுப்புதான். ரஸ்தாளியை மலிவான பூவன் விலைக்கு விட்டுவிட்டார். படம் போட்டவன் நான் என்று விவசாயிகள் என்னிடம் சண்டைக்கு வந்தார்கள்.

"மூணாந் தரமும் சொல்லியிருக்கணுமோ?" என்றார் மண்டியார் என்னிடம்.

"மனு நிலுவையில இருக்கு. நிலுவைன்னா நிராகரிப்பு இல்ல."

அந்த வாக்கியத்தை வைத்துக்கொண்டே அவர் பங்குனியை ஓட்டினார்.

ஒரு காலை அவர் வீட்டில் நான் காபி குடித்துக்கொண்டிருந்தபோது, சர்ச்சிலிருந்து நேரே டீச்சர் வந்து நின்றார்.

"ஊரைக் கூட்டி வச்சு சோறு ஆக்குறேன்னு சொன்னீக. மத்தியானம் வாரேன். எங்க அண்ணங்கிட்ட நானே பேசிக்கிறேன், நீங்க அரிசியக் கழுவுங்க."

மத்தியானம் மூவரும் உட்கார்ந்தோம். சாம்பாரில் உப்பே இல்லை. டீச்சர் ஒரு சிட்டிகை எடுத்துப் போட்டுக்கொண்டு, "நாளைக்குச் சரி பண்ணிக்கிருவோம்" என்றார்.

மண்டியார் எழுந்து அடுப்படிக்குப் போய்க் கண்ணைத் துடைத்துக்கொண்டார். நான் மறுசோறு வாங்கினேன். மனுவுக்குப் பதில் வந்த நாள், குருத்தோலை ஞாயிறு.