டிரைவர் அண்ணனும் ஓடாத விளையாட்டுகளும்

வைகைக்கு வடகரையில் ஏதோ ஒரு வீட்டில் ஒரு கம்ப்யூட்டர் விளையாட்டு ஒழுங்காக ஓடிக்கொண்டிருக்கிறது என்றால், டிரைவர் அண்ணன் அந்த வீட்டுக்கு வந்துவிட்டுப் போய்விட்டார் என்று அர்த்தம். ஓடவில்லை என்றால், இன்னும் வரவில்லை என்று அர்த்தம். இரண்டாயிரத்தை ஒட்டிய அந்த வருஷங்களில் மூன்றாவதாக ஒரு நிலைமை கிடையாது.

பெயரைக் கேட்டு அவரை ஸ்டியரிங் பிடிக்கிறவர் என்று நினைத்துவிட வேண்டாம். அவருக்கு சைக்கிளைத் தவிர எதுவும் ஓட்டத் தெரியாது. அதையும் கோரிப்பாளையம் சந்திப்பு வந்தால் இறங்கித் தள்ளிக்கொண்டுதான் போவார். கம்ப்யூட்டருக்குள் இருக்கிற ஒவ்வொரு உறுப்பையும் வேலை செய்ய வைக்க ஒரு குட்டி மென்பொருள் வேண்டும். அதற்கு டிரைவர் என்று பெயர். எந்த விளையாட்டு ஓடவில்லை என்று கூப்பிட்டாலும் அவர் போய்ப் பார்த்துவிட்டு முதலில் சொல்வது, "டிரைவர் இல்ல மாப்ள" என்பதுதான். சொல்லிச் சொல்லி அதுவே அவர் தலையில் உட்கார்ந்துவிட்டது.

அப்போது நான் பி.காம். முடித்துவிட்டு, வேலை தேடுகிறேன் என்று வீட்டில் சொல்லிக்கொண்டு, கோரிப்பாளையத்தில் காதர் பாய் நடத்திய கேம்ஸ் சென்டரில் கல்லாவில் உட்கார்ந்திருந்தேன். மாடியில் ஒரு சின்ன ஹால், சுவரோரம் வரிசையாகக் கம்ப்யூட்டர்கள், எல்லாவற்றுக்கும் சேர்த்து ஒரே ஒரு ஃபேன். டிரைவர் அண்ணனுக்கு அதுதான் தலைமையகம். அங்கே வந்து அவரைத் தேடுவார்கள், அங்கிருந்துதான் அவர் ஊருக்குள் புறப்படுவார்.

ஒருநாள் வேட்டியை மடித்துக் கட்டிய பெரியவர் ஒருவர் மூச்சு வாங்க மாடியேறி வந்தார்.

"இங்க டிரைவர் இருக்காராமே?"

"நாந்தான். சொல்லுங்க."

"திருச்செந்தூர் போகணும்."

அண்ணன் கொஞ்சமும் அசரவில்லை. "போகலாம். மொதல்ல சொல்லுங்க, டிஸ்ப்ளே வருதா?"

பெரியவர் எங்களை ஒருமுறை பார்த்தார். பிறகு வந்த வேகத்திலேயே இறங்கிப் போய்விட்டார்.

டிரைவர் அண்ணன் நோயாளியை விசாரிக்கும் முறையே தனி. ஓடாத விளையாட்டோடு வருகிறவனை எதிரே உட்கார வைத்துக் கேட்பார்.

"ஐகானை அமுக்குனா என்ன பண்ணுது?"

"ஒண்ணும் பண்ணலண்ணே."

"ஒண்ணுமே பண்ணலையா, இல்ல என்னமோ பண்ணிட்டு ஒண்ணும் பண்ணாத மாதிரி உக்காந்திருக்கா?"

"கறுப்பா ஆயிட்டுத் திரும்பி வந்துருதுண்ணே."

"வரும்போது எதாச்சும் சொல்லுச்சா?"

"என்னமோ இங்கிலீஷ்ல வந்துச்சு. ஓகேன்னு அமுக்கிட்டேன்."

இந்த இடத்தில்தான் அவருக்குக் கண் சிவக்கும். "அது வாயத் தொறந்து தன் கஷ்டத்தச் சொல்லுதுய்யா. நீ காதுலயே வாங்காம ஓகேங்குற. வீட்டுல ஆத்தா திட்டும்போதும் இப்படித்தான் ஓகேம்பியா?" என்பார். திரையில் வருகிற பிழைச் செய்தியைப் படிக்காமல் ஓகே அழுத்துகிறவனை அவர் மனித இனத்திலேயே சேர்த்ததில்லை. அந்தக் கணக்கில் மதுரையில் மனிதர்கள் மிகக் குறைவு.

அவர் தோளில் தொங்கும் ஜோல்னாப் பையில் ஸ்குரூ டிரைவர், டார்ச் லைட், ஒரு கட்டு சி.டி.க்கள், பென்சில் அழிக்கிற ரப்பர், ஒரு டூத்பேஸ்ட், பழைய பனியன் துணி ஆகியவை எப்போதும் இருக்கும். ரப்பர், கம்ப்யூட்டருக்குள் இருக்கும் மெமரி கார்டின் பித்தளை நிறப் பற்களைத் தேய்க்க. பேஸ்ட், கீறல் விழுந்த சி.டி.யைத் தேய்த்துக் கழுவ. தல்லாகுளத்தில் ஒரு வீட்டில் அவர் கொல்லைக் குழாயடியில் உட்கார்ந்து பேஸ்ட்டைப் பிதுக்குவதைப் பார்த்த அந்த வீட்டம்மா, "ஏய்யா, வேலைக்கு வந்த இடத்துலதான் பல்லு வெளக்குவியா?" என்று கேட்டுவிட்டார். அண்ணன் சி.டி.யைத் தூக்கிக் காட்டி, "எனக்கில்லக்கா, இதுக்கு" என்றார். அந்தம்மா அதன்பிறகு அவர் போகும்வரை கதவோரமாகவே நின்றுகொண்டிருந்தாராம்.

இதையெல்லாம்விடப் பெரிய விசேஷம் ஒன்று உண்டு. அவர் விளையாட மாட்டார். திரையில் விளையாட்டு திறந்து, தொடக்க இசை வரும்வரைதான் அவருக்கு அங்கே வேலை. இசை கேட்டதும் பையைத் தோளில் மாட்டுவார், செருப்பைத் தேடுவார், போய்க்கொண்டே இருப்பார். நன்றி சொல்ல வாய் திறப்பதற்குள் தெருமுனையில் இருப்பார். யாராவது பாராட்டினால் அவருக்குக் கை கால்களை எங்கே வைத்துக்கொள்வது என்றே தெரியாது. அதற்குப் பயந்துதான் அந்த ஓட்டம் என்று எனக்கு வெகுநாள் கழித்துத்தான் புரிந்தது.

ஒருமுறை காதர் பாய் அவரை வலுக்கட்டாயமாக உட்கார்த்தி ஒரு கார் ரேஸ் விளையாட வைத்தார். மற்ற கார்களெல்லாம் பறக்கின்றன. இவர் கார் மட்டும் நடுரோட்டில் நிற்கிறது.

"ஏன் டிரைவரு நிப்பாட்டிட்ட? அமுக்கு, அமுக்கு!"

"செவப்பு வெளக்கு எரியுது பாய்."

இப்படிப்பட்டவருக்கு முப்பது தாண்டியும் கல்யாணம் ஆகவில்லை என்பதில் ஆச்சரியமில்லை. அவர்கள் சௌராஷ்டிரக் குடும்பம். அப்பா இல்லை. அம்மாவும், சேலைக் கடை வைத்திருந்த தாய்மாமாவும்தான் எல்லாம். அந்த மாமா தல்லாகுளத்தில் ஒரு இடம் பார்த்தார். பெண்ணின் அப்பா கோர்ட்டில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். பெண் பெயர் கல்பனா, பள்ளிக்கூடத்து டீச்சர். நானும் பாயும் கூட வந்தால்தான் வருவேன் என்று அண்ணன் அடம் பிடித்ததால் நாங்களும் போனோம். பட்டுக்கரை வேட்டி, வெள்ளைச் சட்டை, தோளில் அந்த ஜோல்னாப் பை. "அத எதுக்குடா தூக்கிட்டு வார?" என்று அம்மா தெருவிலேயே கேட்டார். "அது இல்லாம நடந்தா ஒரு பக்கமா சாயுதும்மா" என்றார்.

கேசரி வந்தது, பஜ்ஜி வந்தது, கல்பனாவும் வந்தார். "ரெண்டு பேரும் பேசிக்கட்டுமே" என்று பெரியவர்கள் ஹாலின் மறுகோடியில் ஒதுங்கினார்கள். இரண்டு பேரும் நின்ற கோடியில்தான் பூத்தையல் போட்ட உறைக்குள் ஒரு கம்ப்யூட்டர் இருந்தது. அது அங்கே இருந்திருக்கக் கூடாது. அல்லது இருந்தது நல்லதுதானோ என்னவோ, இன்றைக்கும் எனக்கு முடிவாகச் சொல்லத் தெரியவில்லை.

கல்பனாதான் முதலில் பேசினார். "ஓடாத கேமெல்லாம் ஓட வைப்பீங்களாமே?"

அதுவரை தரையைப் பார்த்துக்கொண்டிருந்த அண்ணன் நிமிர்ந்தார். "எந்த கேம்?"

"ஊர் கட்டுறது. ரோடு போட்டு, வீடு கட்டி, ஆளுகளக் குடிவைக்கணும். வாங்குனதுல இருந்து ஒரு ரோடுகூடப் போட முடியல. கறுப்பாகி நின்னுருது."

"நின்னதும் எதாச்சும் சொல்லுதா?"

அந்தப் பெண், ஆங்கிலத்தில் வந்த அந்தப் பிழைச் செய்தியை, பாடம் ஒப்பிப்பதுபோல முழுசாகச் சொன்னார். எண் என்ன, எங்கே முற்றுப்புள்ளி என்பது உட்பட.

அண்ணன் அப்படியே நின்றுவிட்டார். "ஓகே அமுக்குறதுக்கு முன்னாடி படிச்சீங்களா?"

"படிக்காம எப்படிங்க அமுக்குறது?"

ஒரு மனுஷன் காதலில் விழுவதை நான் நேரில் பார்த்தது அந்த ஒரு தடவைதான். அவர் காதலைச் சொன்ன விதம்தான் கொஞ்சம் வேறு மாதிரி. பெட்டியின் மூடியைக் கழற்றினார். உள்ளே இருக்கிற கார்டு எந்த வகை என்று பார்த்தால்தான் அதற்கான டிரைவரைப் போட முடியும். வேட்டியைத் தூக்கிச் செருகிக்கொண்டு மேஜைக்கு அடியில் நுழைந்தார். கல்பனா அவர் பக்கத்தில் தரையில் உட்கார்ந்து டார்ச் பிடித்தார். வருஷக் கணக்கில் சேர்ந்த தூசி அண்ணன் தலையில் கொட்டியது, அவர் தும்மினார், அந்தப் பெண் சிரித்தார். உள்ளேயிருந்து இரண்டு பேரும் ஏதோ பேசிக்கொண்டே இருந்தார்கள். எங்களுக்குக் கேட்டதெல்லாம், "அந்த ஸ்குரூ", "இதா?", "ஆமா, அதேதான்" என்பதுதான். ஆனால் அவர் ஒரு பெண்ணிடம் அவ்வளவு நேரம் பேசியதே இல்லை என்று அவருடைய அம்மா கண் கலங்கிவிட்டார்.

பெண்ணின் அப்பாதான் பொறுமை இழந்தார். "மாப்பிள்ளை பொண்ணு பாக்க வந்தாரா, பொட்டி பாக்க வந்தாரா?"

மேஜைக்கு அடியிலிருந்து பதில் வந்தது. "ஒரு நிமிஷம் மாமா, ரீஸ்டார்ட் ஆயிட்டிருக்கு."

'மாமா' என்று அவர் கூப்பிட்டதைக் கேட்டு பாய் என் தொடையைக் கிள்ளினார். முடிந்துவிட்டது காரியம் என்று நாங்கள் நினைத்தோம்.

திரை வெளிச்சமானது. பச்சைப் பசேலென்று ஒரு வெற்று நிலம் விரிந்தது. தொடக்க இசை வந்தது. கல்பனா கை தட்டினார். அண்ணன் எழுந்தார், பையைத் தோளில் மாட்டினார், வாசலுக்குப் போனார், செருப்பைப் போட்டார், தெருவில் இறங்கி நடந்துவிட்டார்.

அம்மா, மாமா, நாங்கள், கேசரி எல்லாரும் உள்ளேயே இருக்கிறோம்.

நானும் பாயும் ஓடிப்போய் பஸ் ஸ்டாப் அருகில் அவரைப் பிடித்தோம். முகமெல்லாம் சிரிப்பு. "ஓடிருச்சு, பாத்தீங்களா?" என்றவர், எங்கள் முகத்தைப் பார்த்ததும் மெதுவாகத் திரும்பி அந்த வீடு இருந்த திசையைப் பார்த்தார். "ஐயய்யோ" என்று மட்டும் சொன்னார்.

இழுத்துக்கொண்டு திரும்பப் போனோம். வாசலிலேயே பெண்ணின் அப்பா நின்றிருந்தார். "பழக்க தோஷம் சார், மனசுல ஒண்ணும் வச்சுக்காதீங்க" என்று பாய் ஆரம்பித்தார். அவர் கையை உயர்த்தி நிறுத்திவிட்டு அண்ணனைப் பார்த்தார். "அத அவர் சொல்லட்டும்."

ஜன்னலுக்குப் பின்னால் கல்பனா நின்றிருந்தார். பிடித்திருக்கிறது என்று ஒரு வார்த்தை. அவ்வளவுதான் வேண்டியிருந்தது. அண்ணன் பையின் பட்டையை முறுக்கினார்.

"மறுபடி ஓடலைன்னா சொல்லி விடுங்க" என்றார்.

பாய் வானத்தைப் பார்த்தார். உள்ளே இருந்த அம்மாவும் மாமாவும் தலையைக் குனிந்துகொண்டு வெளியே வந்தார்கள். கதவு சாத்தப்பட்டது.

கதை அதோடு முடிந்திருந்தால்கூட இத்தனை வருஷம் மனசை அரித்திருக்காது. ஒரு மாதம் போயிருக்கும், சென்டருக்கு ஒரு ஃபோன் வந்தது. பாய்தான் எடுத்தார். வைத்ததும் என்னிடம் குதித்து வந்தார். "மாப்ள, ஊர்ல எல்லாப் பயலும் 'டிரைவர் அண்ணன் இருக்காரா'ன்னுதான் கேப்பான். தல்லாகுளத்துப் பொண்ணு 'அவர் இருக்காரா'ன்னு கேக்குது! கம்ப்யூட்டர் ஓடலையாம்!"

அண்ணனுக்குத் தலை வாரி, என் செண்ட்டைப் பூசி அனுப்பி வைத்தோம். போன சூட்டோடு திரும்பி வந்தார்.

"என்னண்ணே ஆச்சு?"

"ஒண்ணுமே இல்ல மாப்ள. மானிட்டர் ஒயரு கழண்டு கெடந்துச்சு. மாட்டிட்டு வந்துட்டேன். ஆனா ஒண்ணு வெளங்கல. அதுல ரெண்டு பக்கமும் திருகாணி இருக்கு. தானா கழண்டு விழ அது என்ன மாம்பழமா? யாரோ கையால திருகிக் கழட்டி, ஒயர அழகா சுத்தி வேற வச்சிருக்காங்க."

பாய் தன் குரலை ரொம்பவும் கட்டுப்படுத்திக்கொண்டார். "யாரு கழட்டிருப்பா டிரைவரு? நல்லா யோசி."

அண்ணன் நல்லா யோசித்தார். "அவங்கப்பாவா இருக்கும்."

"யா அல்லா!" பாய் நெற்றியில் அடித்துக்கொண்டார். "அந்தப் பொண்ணு கழட்டிருக்குய்யா. நீ வரணும்னு கழட்டிருக்கு. அது என்ன பேசுச்சு, சொல்லு."

"காப்பி சாப்டுறீங்களான்னுச்சு. வேணாம்னேன். ஊர எம்புட்டு பெருசா கட்டிருக்கேன், உக்காந்து பாக்குறீங்களான்னுச்சு." குரல் இறங்கியது. "ஆரப்பாளையத்துல ஒரு வேலை கெடக்குன்னு வந்துட்டேன்."

சொல்லச் சொல்லத்தான் அவருக்கு விளங்கிக்கொண்டிருந்தது என்பது முகத்தில் தெரிந்தது. "இப்பவே போ" என்று பாய் கத்தினார். அம்மாவிடம் கேட்க வேண்டும் என்றார் அண்ணன். அம்மா சரி என்றார், தாய்மாமா முறுக்கிக்கொண்டார். மாமாவைத் தாஜா பண்ணி இறக்கியபோது, "தை பொறக்கட்டும், முறையாப் போய்க் கேப்போம்" என்றார். தை பிறந்தது. அந்தத் தையிலேயே கல்பனாவுக்கும் கோயம்புத்தூரில் வேலை பார்த்த ஒருவருக்கும் நிச்சயம் ஆகிவிட்டது.

செய்தி வந்த அன்று அண்ணன் சென்டரில் வழக்கம்போல ஒரு கம்ப்யூட்டரைத் திறந்து வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். நான் பக்கத்தில் போய் நின்றேன். தலையைத் தூக்காமலே சொன்னார்.

"அந்த ஒயர நல்லா இறுக்கித் திருகிட்டு வந்தேன் மாப்ள. இனிமே கழலவே கூடாதுன்னு."

அதற்குப் பிறகு அவர் வேறு பெண் பார்க்கச் சம்மதிக்கவே இல்லை. நான் சென்னையில் வேலை கிடைத்துப் போய்விட்டேன். விளையாட்டுகள் யார் தயவும் இல்லாமல் தாமாகவே ஓடக் கற்றுக்கொண்டன. பிறகு எல்லாம் செல்ஃபோனுக்குள் போய்விட்டது. காதர் பாய் சென்டரை மூடிவிட்டு மருமகனோடு திருச்சிக்குப் போனார். டிரைவர் அண்ணன் மாமாவின் சேலைக் கடையில் பில் போட உட்கார்ந்தார்.

இன்றைக்கும் அங்கேதான் இருக்கிறார். தலை நரைத்துவிட்டது. நான் போனால் ஸ்டூலை இழுத்துப் போட்டு, டீ சொல்லிவிட்டு, வேலைக்கு நடுவே பழசைப் பேசுவார். கல்பனாவைப் பற்றி அவரும் சொன்னதில்லை, நானும் கேட்டதில்லை. சும்மா போய் உட்கார்ந்தால் மாமா பையன் முறைக்கிறான் என்பதால் ஒவ்வொரு தடவையும் ஒரு சேலை எடுத்துவிடுவேன். "வாங்குன சேலையெல்லாம் பீரோவுல மடிப்புக் கலையாம கெடக்கு, மதுரைக்குப் போனா வெறுங்கையோட வரவே மாட்டீங்களா?" என்று என் மனைவி கேட்கிறாள். போன மாதம்கூட ஒன்று எடுத்தேன்.